வாசலுக்கு வெளியே ஒரு படுதா

பாயோடு சேர்த்து இழுத்தபோதுதான் அப்பாவின் உடம்பில் கனமே இல்லாமல் போயிருந்தது அமிர்தத்துக்குத் தெரிந்தது. வாசற்படியில் மட்டும் ஒருமுறை நின்றாள். தலை இடிபடக் கூடாதென்று வலது கையை அவர் பிடரிக்குக் கீழே கொடுத்து, இடது கையால் பாயின் நுனியைப் பிடித்து, ஒரு படி, இன்னொரு படி என்று இறக்கினாள். மழை பெய்துகொண்டிருந்தது. மாசி மாதத்தில் யாரும் கேட்காத மழை. தெருவில் ஒரு ஆள் இல்லை. நல்லவேளை மழை பெய்கிறது என்று நினைத்தாள். உடனே, அப்படி நினைத்ததற்காகத் தன் மேலேயே வெறுப்பு வந்தது.

வாசலிலிருந்து புங்கமரம் வரை எட்டடி. அங்கேதான் நீலப் படுதா கட்டியிருந்தது. அடியில் சாக்கு விரித்து, ஓரத்தில் வெந்நீர் வைக்க மூன்று கல். கடந்த ஒரு மாதமாக அப்பா படுத்திருந்த இடம். சாக்கின் மேல் அவரைக் கிடத்தி, கால்களை நேராக்கி, கட்டை விரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டினாள். பாயைச் சுருட்டி உள்ளே போட்டாள். உயிர் போய் கால் மணி நேரம்கூட ஆகியிருக்கவில்லை. இன்னும் யாருக்கும் சொல்லவில்லை. முதலில் இதை முடிக்க வேண்டியிருந்தது.

அவர்கள் வாத்து மேய்க்கிற சனம். அறுவடை முடிந்த வயலில் வாத்துகளை இறக்கி, சிந்திய நெல்லையும் நத்தையையும் மேயவிட்டு, முட்டையை விற்று, அடுத்த ஊரில் கதிர் அறுக்கும்போது அங்கே போய்விடுவார்கள். முன்பு நடந்து போனார்கள், இப்போது மினி லாரியில் போகிறார்கள். எந்த ஊரில் அறுவடை மிஷின் இறங்கியிருக்கிறது என்று வாட்ஸ்அப்பில் வந்துவிடுகிறது. லாரி வந்து, போன் வந்து எல்லாம் மாறியும் ஒரு விஷயத்தில் மட்டும் யாரும் கை வைக்கவில்லை. ஒரு படுதாவுக்குள் யாராவது செத்துப்போனால், புதைத்துவிட்டு வந்ததும் அந்தப் படுதாவைப் பிரித்தாக வேண்டும். கொம்புகளைப் பிடுங்கி, குழியை மூடி, அடுப்புக்கல்லைப் புரட்டிப் போட்டுவிட்டுப் பொழுது சாய்வதற்குள் கிளம்ப வேண்டும். உயிர் போன கூரையின் கீழே மறுபடி படுப்பதில்லை. படுதாவுக்கு அது சுலபம். கான்கிரீட் வீடு வந்தபோது இதை எப்படிப் பிரிப்பது என்று யாரும் யோசிக்கவில்லை.

யோசிக்காததன் பலன் இரண்டு வீடு தள்ளியே இருந்தது. கச்சிராயபாளையத்துக்கு வெளியே, வாய்க்காலை ஒட்டி அரசாங்கத்தில் அவர்களுக்கு ஐந்து வீடு கொடுத்திருந்தார்கள். மூன்று வருஷத்துக்கு முன்னால் ரங்கம்மாள் தன் வீட்டுக்குள் காய்ச்சலில் செத்துப்போனாள். அவள் மகன் அன்று மாலையே அண்டா குண்டானோடு லாரி ஏறினான். திரும்பி வரவேயில்லை. ஆளில்லாத வீடு என்று எழுதிக்கொண்டு போனார்கள். பட்டா போயிற்று. இப்போது அதற்குள் யாரோ வைக்கோல் அடைத்திருக்கிறார்கள், ஆடுகள் போய்ப் படுக்கின்றன.

நாலாம் நம்பர் வீடு அமிர்தத்துடையது. அவள் புருஷன் ஆந்திரா பக்கம் வாத்து ஓட்டிக்கொண்டு போனவன், அங்கேயே ஒரு குடும்பத்தைத் தேடிக்கொண்டான். அவள் கள்ளக்குறிச்சியில் ஒரு ஜவுளிக்கடையில், பிரித்துப் போடுகிற சேலைகளைத் திரும்ப மடித்து அடுக்குகிற வேலைக்கு தினமும் டவுன் பஸ்ஸில் போய்வந்தாள். மகள் செந்தமிழ்ச்செல்வி கோயம்புத்தூரில் நர்சிங் இரண்டாம் வருஷம். ஐந்தாம் வகுப்பு முடிப்பதற்குள் ஏழு பள்ளிக்கூடம் பார்த்த பிள்ளை. இந்த வீடு வந்த பிறகுதான் ஒரே பள்ளிக்கூடத்தில் தொடர்ந்து உட்கார்ந்தது. ரேஷன் கார்டு, ஜாதி சர்டிபிகேட், பேங்க் புத்தகம், காலேஜ் விண்ணப்பம் எல்லாவற்றிலும் இந்தக் கதவு எண்தான். இந்த வீட்டை விட்டுவிட்டால் அமிர்தத்துக்கு இந்த உலகத்தில் விலாசம் என்று ஒன்று கிடையாது.

அப்படிப்பட்ட வீட்டுக்குள் படுக்க மாட்டேன் என்றுதான் அப்பா அடம் பிடித்தார். பூமாலை என்றால் அவர்கள் சனத்தில் எல்லோருக்கும் தெரியும், ஐந்நூறு வாத்தை ஒற்றை ஆளாகத் திருப்புகிறவர். அமிர்தம் தனியாகிப் போனதும் அவளோடு வந்து தங்கினார். மூன்று வருஷம் வீட்டுக்குள்தான் படுத்தார், மின்விசிறியை ஐந்தில் வைத்துக்கொண்டு சுகமாகத் தூங்கினார். ஒருபக்கம் கை கால் இழுத்து, பெரியாஸ்பத்திரியில் பத்து நாள் கிடந்து திரும்பிய பிறகுதான் இந்தக் கூத்து. உள்ளே மூச்சு முட்டுகிறது, காற்று வேண்டும் என்று குழறினார். நல்ல கையால் புங்கமரத்தைக் காட்டினார். அவளே படுதா கட்டிக் கொடுக்க வேண்டியதாயிற்று.

அவளுக்கு அது பொறுக்கவில்லை. நான் பாடுபட்டுக் காப்பாற்றுகிற வீடு இவருக்கு ஆகவில்லை, கடைசிக் காலத்தில் சனத்துக்கு முன்னால் என்னைத் தலைகுனிய வைக்கிறார் என்று நினைத்தாள். சோற்றுத் தட்டை அவர் பக்கத்தில் வைக்கும்போது கொஞ்சம் சத்தமாகவே வைத்தாள். அவர் நல்ல கையால் தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

இன்று காலையில் மழை பிடித்ததும் எதிர்வீட்டு கொளஞ்சியம்மாள் குடையோடு வந்து நின்றாள். அவள் குடியானவர் வீட்டுக்காரி, மனசில் ஒன்றும் வைத்துக்கொள்ளாதவள், அதனால் எல்லாவற்றையும் வாயில் வைத்திருப்பவள்.

"பெத்த அப்பன மழையில போட்டுட்டு நீ உள்ள படுத்துக்கினு இருக்கியே, இது நல்லாவா இருக்குது?" என்றாள்.

அந்த ஒரு வார்த்தை போதுமாக இருந்தது. அமிர்தம் கடைக்கு லீவு சொன்னாள். அப்பா தலையை ஆட்டி ஆட்டி வேண்டாமென்றார். அவள் கேட்கவில்லை. கக்கத்தில் கை கொடுத்து, பாதி தூக்கி பாதி இழுத்து உள்ளே கொண்டுவந்து, சுவரில் சாய்த்து உட்கார வைத்தாள். இரண்டு கரண்டி கஞ்சி போனது, மூன்றாவது கடைவாயில் வழிந்தது. பிறகு அவர் நல்ல கையைத் தூக்கிக் கதவைக் காட்டினார்.

"குளிருதா நைனா?" என்று கேட்டு, எழுந்து போய்க் கதவைச் சாத்தினாள்.

கை கீழே இறங்கவில்லை. சாத்திய கதவைக் காட்டியபடியே நின்றது. அவர் அவளைப் பார்த்தார். அதில் கோபம் இல்லை, அவசரம் மட்டும் இருந்தது. வெந்நீர் எடுக்க அடுப்புப் பக்கம் போய்த் திரும்பியபோது கை மடியில் விழுந்திருந்தது.

அழுவதற்கு முன்னால் அவளுக்கு வைக்கோல் அடைத்த அந்த வீடுதான் ஞாபகம் வந்தது. அப்புறம்தான் பாயை இழுத்தாள். அவருக்குப் பிடித்த இடத்தில்தானே கொண்டுபோய்ப் போடுகிறேன் என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள். பொய் என்று அவளுக்கே தெரிந்தது. செத்த அப்பாவை வைத்துக்கொண்டு திருட்டு வேலை செய்கிறோம் என்ற நினைப்பு அவள் கையைவிட்டுப் போகவில்லை.

முதலில் சித்தப்பாவுக்குப் போன் செய்தாள். அப்பாவின் தம்பி சுப்புராயன் தியாகதுருகம் பக்கம் வாத்து இறக்கியிருந்தார். வருகிறோம் என்று மட்டும் சொல்லி வைத்தார். அடுத்து மகளுக்கு. விஷயத்தைச் சொன்னாள்.

"தாத்தா உள்ளயா, வெளியயா?" என்று கேட்டாள் செந்தமிழ்ச்செல்வி.

"வெளியதான்."

"அப்ப வூட்டுக்கு ஒண்ணும் இல்லியேம்மா?"

"ஒண்ணும் இல்ல. நாளைக்கு பிராக்டிகல்னு சொன்ன இல்ல, எழுதிட்டு வா."

அதற்குப் பிறகுதான் பிள்ளை அழுதது. இரண்டாம் வருஷம் நர்சிங் படிக்கிறவளுக்கும் முதலில் அந்தக் கேள்விதான் வந்தது. அமிர்தம் அவளைக் குறை நினைக்கவில்லை.

இரண்டரை மணிக்கு மினி லாரி வந்தது. பின்னால் வாத்துக் கூண்டுகளை இறக்கிவிட்டு, அதே பலகையில் பன்னிரண்டு பேர் உட்கார்ந்து வந்திருந்தார்கள். கோணியும் சேறும் முட்டையும் கலந்த வாசனை அவர்களோடு இறங்கியது. மழை தூறலாகியிருந்தது. பெண்கள் அமிர்தத்தைக் கட்டிக்கொண்டு அழுதார்கள், ஆனால் ஒருத்தியும் வாசற்படி ஏறவில்லை. எல்லோருடைய கண்ணும் ஒருமுறை படுதாவுக்கும் ஒருமுறை வீட்டுக்குமாகப் போய்வந்தது.

குளிப்பாட்டுவது தம்பியின் வேலை. சுப்புராயன் தண்ணீர்க் குடத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அண்ணனைத் தோளோடு தூக்கிச் சாய்த்தார். அப்படியே நின்றுவிட்டார்.

அமிர்தம் அப்போதுதான் பார்த்தாள். அப்பாவின் முதுகில், இரண்டு தோள்பட்டைக்கும் குறுக்கே, பின்மண்டை முடியிலும்கூட வெள்ளை ஒட்டியிருந்தது. பொங்கலுக்கு அவளே கையால் அடித்த சுண்ணாம்பு. தொட்டால் ஒட்டுகிற சுண்ணாம்பு. புங்கமரத்தடியில் சுவர் ஏது?

சுப்புராயன் நிமிர்ந்து யாரையும் பார்க்கவில்லை. தோளில் கிடந்த துண்டை எடுத்து, குடத்தில் நனைத்து, முதுகை ஒருமுறை துடைத்தார். முடியைத் துடைத்தார். இன்னொருமுறை முதுகைத் துடைத்தார். துண்டைப் பிழிந்து, வெள்ளைத் தண்ணீர் மண்ணில் இறங்கும் வரைக்கும் காத்திருந்தார். பிறகுதான் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி அவளைக் கேட்டார்.

"சொல்லும்மா. உசுரு எங்க போச்சு?"

யாராவது ஒருவர் கேட்டே ஆக வேண்டிய கேள்வி. பன்னிரண்டு பேரும் அவள் பக்கம் திரும்பினார்கள்.

"இங்கதான் சித்தப்பா. படுதாவுலதான்."

"அப்ப சரி. ஆவட்டும்," என்றார் சுப்புராயன். அதற்கு மேல் யாரும் எதுவும் கேட்கவில்லை.

நாலு மணிக்குள் வாய்க்காலுக்கு அப்பால் கொண்டுபோய்ப் புதைத்துவிட்டு வந்தார்கள். மழை நின்று, கல்வராயன் மலை கழுவி வைத்தது போலப் பக்கத்தில் தெரிந்தது. வந்த கையோடு படுதாவைப் பிரித்தார்கள். நாலு கொம்பில் மூன்றை ஆண்கள் பிடுங்கினார்கள். நாலாவதை சுப்புராயன் அவளைப் பிடுங்கச் சொன்னார். ஈர மண்ணில் அது சுலபமாக வந்தது. குழிகளைக் காலால் மண் தள்ளி மூடினார்கள். ஒருத்தி மூன்று அடுப்புக்கல்லையும் புரட்டிப் போட்டாள். பூமாலை அங்கே ஒரு மாதம் படுத்திருந்ததற்கு அடையாளமாகப் புல் முளைக்காத ஒரு சதுரம் மட்டும் மிச்சமிருந்தது.

மற்றவர்கள் லாரியில் ஏறிக்கொண்டிருந்தபோது சுப்புராயன் அவளை மரத்தின் மறுபக்கம் கூப்பிட்டார்.

"போன மாசம் ஆஸ்பத்திரிலேர்ந்து வந்த அன்னிக்கே அண்ணன் யாரையோ எனக்குப் போன் போடச் சொல்லிப் பேசுனாரு. வாய் கொழறுது, பாதிதான் புரிஞ்சிது. எனக்கு நாள் இல்லடா, நான் வெளிய போய்ப் படுத்துக்கறேன், உள்ள உசுரு போய்ச்சின்னா எம்பொண்ணு வூட்ட உட்டுட்டுக் கெளம்பணும்னாரு. காத்து வேணும்னு சொல்லிக்கிறேன்னாரு."

அமிர்தம் மரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"என்கிட்ட ஏன் சொல்லல?"

"சொல்லாதடான்னாரு. சொன்னா அவ மனசு கேக்காது, தூக்கிக்கினு போய் உள்ள போட்டுருவான்னாரு."

ஒரு மாதமாக அவள் சத்தமாக வைத்த தட்டுகளெல்லாம் இப்போது கேட்டன. தூக்கிய கை, சாத்திய கதவு, அந்தப் பார்வை. அவசரம் எதற்கென்று இப்போது தெரிந்தது. ஒரு நிமிஷம் போதும், திரும்ப வெளியே இழுத்துப் போடு என்றுதான் கேட்டிருக்கிறார்.

"சித்தப்பா, நைனா வந்து..."

"பொழுது சாய்து," என்றார் சுப்புராயன். "நாங்க கெளம்புறோம். நீ உள்ள போ. அது வேற எடம்."

அவர் டிரைவருக்குப் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தார். செத்த இடத்திலிருந்து கிளம்புகிறவர்கள் திரும்பிப் பார்ப்பதில்லை. பன்னிரண்டு முதுகும் வாய்க்கால் பாலத்தைத் தாண்டி, கரும்புத் தோட்டத்துத் திருப்பத்தில் மறைந்தன. பிறந்ததிலிருந்து இப்படிக் கிளம்பிய லாரியிலோ நடையிலோ அவளும் இருந்திருக்கிறாள். பின்னால் நின்றது இதுதான் முதல் தடவை. நின்றிருந்தவளை யாரும் பார்க்கவில்லை.

கொளஞ்சியம்மாள் ஒரு சொம்பில் காபி கொண்டுவந்து கொடுத்தாள். காலையில் தான் அப்படிப் பேசியிருக்கக் கூடாது என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அமிர்தம் பரவாயில்லை என்றாள். மருமகளை ராத்திரி துணைக்குப் படுக்க அனுப்பட்டுமா என்று கேட்டதற்கு வேண்டாமென்றாள்.

"ஈரக்காத்து வருது பாரு. கதவ சாத்திக்கினு படு," என்று சொல்லிவிட்டுக் கொளஞ்சியம்மாள் போனாள்.

குளித்துவிட்டு உள்ளே போய் விளக்கைப் போட்டாள். எதிர்ச்சுவரில், தரையிலிருந்து இரண்டரை அடி உயரத்தில், சுண்ணாம்பு உதிர்ந்து சிமெண்ட் தெரிந்தது. இரண்டு தோளும் அதற்கு மேல் ஒரு தலையும் இருந்த அளவுக்கு. செந்தமிழ்ச்செல்வி வருவதற்குள் அதன் மேல் ஒரு கை அடித்துவிடலாம். டப்பாவில் சுண்ணாம்பு மிச்சம் இருந்தது. அவள் டப்பாவைத் தேடிப் போகவில்லை.

அந்தக் கதவு விட்டால் தானாகவே சாத்திக்கொள்ளும். அமிர்தம் வெளியே போய், புரட்டிக் கிடந்த மூன்று கல்லில் ஒன்றை எடுத்து வந்து, கதவுக்கு முட்டுக் கொடுத்தாள். பிறகு அந்தச் சுவரிலேயே முதுகைச் சாய்த்து, வாசலைப் பார்க்க உட்கார்ந்துகொண்டாள்.