யாழ் என்கிற பையன்

ஓரத்திலிருந்து உள்ளே வருகிறது தீ, நடுவில் இருக்கிற எழுத்துதான் கடைசியாகக் கருகுகிறது, கோடு போட்ட தாள், நீல மை, ழானாவின் வால் சுருண்டு சுருண்டு வெந்நீர் அடுப்புச் சாம்பலில் விழுகிறது, நான் குந்தி உட்கார்ந்து ஒவ்வொரு தாளாகக் கிழித்துப் போடுகிறேன், மொத்தமாகப் போட்டால் தீ பிடிக்காது, அவ்வளவு கனம், மூன்று நோட்டு, கொல்லைக் கதவைப் பிடித்துக்கொண்டு கோதை நிற்கிறாள், என் மகள், இருபத்து மூன்று வயது, அழவில்லை, ஒரு வார்த்தை பேசவில்லை, பேசவில்லை என்பது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது, பேசியிருந்தால் ஒருவேளை நிறுத்தியிருப்பேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு இத்தனை வருஷத்தை ஓட்டிவிட்டேன். அண்டாவில் வெந்நீர் கொதிக்கிறது, அன்றைக்கு யாரும் குளிக்கவில்லை.

பந்தல் போடுகிறவன் நான், குளித்தலையில் கல்யாணமோ காதுகுத்தோ சாவோ எதுவானாலும் மூங்கில் நட்டுக் கீற்று வைத்துக் கட்டிக் கொடுப்பேன், பள்ளிக்கூடம் மூன்றாம் வகுப்போடு சரி, எழுத்துக் கூட்டிப் படிப்பேன், படித்தவனை நம்ப மாட்டேன், படிக்காதவனையும் நம்ப மாட்டேன், கோதை மட்டும் எப்படியோ படித்தாள், திருச்சிக்கு பஸ்ஸில் போய்த் தமிழ் படித்தாள், முடித்துவிட்டாள் என்று பார்த்தால் அதற்கு மேலும் ஒன்று இருக்கிறது, ஆராய்ச்சி என்றாள், வாயில் வருகிற பேச்சைப் போய் ஆறு வருஷம் படிக்கிறதா என்று கேட்டேன், ஏழாவதும் ஆகும்ப்பா என்று சிரித்தாள், அப்போதெல்லாம் என்னை நீ வா போ என்றுதான் பேசுவாள், வேலைக்குக் கிளம்பினால் கூடவே வந்து நின்று, இது என்ன கட்டுப்பா, அவிழ்த்துக் காட்டு, திரும்பப் போடு என்று உயிரை வாங்குவாள், பொட்டப்புள்ளைக்கு எதுக்குடி பந்தல் வேலை என்பேன், ஆனாலும் காட்டுவேன், அவள் விரல் என் விரலைப் பார்த்துக் காற்றில் முடிச்சுப் போட்டுக்கொண்டிருக்கும், அந்த விரல்தான் அந்த மூன்று நோட்டையும் எழுதியது, அதை நான் யோசிக்கவில்லை.

ரேஷன் கார்டைத் தேடப் போய்த்தான் நோட்டு கையில் வந்தது, அட்டையில் யாழ் என்று எழுதி அடியில் இரண்டு கோடு, உள்ளே புரட்டினால் பக்கத்துக்குப் பத்து இடத்தில் யாழ், யாழ், யாழ், எங்கள் நாக்கில் ழ நிற்காது, யாளு என்றுதான் எனக்கு வந்தது, யாளு, ஆளு, இரண்டுக்கும் எவ்வளவு தூரம், தரையில் உட்கார்ந்து கூட்டிக் கூட்டிப் படிக்கிறேன், யாழுக்குப் பெயர் வந்தது எப்படி, சரி எவனோ ஒருத்தன் பெயர், யாழை மடியில் கிடத்தி, என் கண் இருட்டுகிறது, யாழ் என்றால் மிதுன ராசி, இரட்டை, ஆணும் பெண்ணும், அடுத்த பக்கம், யா என்றால் கட்டு, யாக்கை என்றால் உடம்பு, அதற்குப் பக்கத்தில் ஆக்கை என்று ஒரு சொல், அது என்ன எழவோ என்று தாண்டிவிட்டேன், கீழே பெரிய எழுத்தில், அப்பாவிடம் கேட்க வேண்டும். என்ன கேட்பாள், உடம்பு என்று எழுதியிருக்கிறாள், கட்டு என்று எழுதியிருக்கிறாள், கட்டிவையுங்கள் என்று கேட்பாள், வேறென்ன.

பொன்னுரங்கம் அப்போது பார்த்தா வர வேண்டும், என் பெண்டாட்டி காத்தாயியின் தம்பி, எனக்கு மச்சினன், சைக்கிள் கடை வைத்திருந்தான், நோட்டை வாங்கித் தூக்கிப் பிடித்துப் பார்த்தான், மாமா, யாழ்ங்கிறது சிலோன்ல ஒரு ஊரு மாமா, அங்கேருந்து வந்து முகாம்ல இருக்கிறவன் எவனோதான், ஊர்ப் பேரையே பேரா வச்சுக்குவானுங்க, திருச்சியில காலேஜ் பக்கம் நெறைய சுத்துறானுங்க, என்றான். உலகத்தில் ஒருத்தனையும் நம்பாத நான் அதை நம்பினேன். அவனுக்குக் கல்யாணத்துக்கு நிற்கிற ஒரு மகன் இருக்கிறான், செல்லமுத்து, முறைப்பையன், திருப்பூரில் வேலை, ரெண்டு தரம் பெண் கேட்டு வந்தவனை, படிப்பு முடியட்டும்டா என்று நானே திருப்பி அனுப்பியிருக்கிறேன், அதெல்லாம் அந்த நேரத்தில் மண்டையில் ஏறவே இல்லை, காத்தாயி மட்டும், ஏங்க, புள்ளைய ஒரு வார்த்தை கேட்டுக்கங்க, என் தம்பி எதுக்குச் சொல்றான்னும் பாருங்க, என்றாள், கூடப் பிறந்தவளே சொன்னாள், நீ சும்மா கெட என்றேன்.

கேட்கவும் கேட்டேன், அதை மறைக்கக் கூடாது, அவள் பஸ் இறங்கி வந்து செருப்பைக் கழற்றுகிறாள், யாருடி இந்த யாளு, என்கிறேன், அவள் என்னை நிமிர்ந்து பார்த்துவிட்டுச் சிரிக்கிறாள், வாய் விட்டுச் சிரிக்கிறாள், அந்தச் சிரிப்புதான் கெடுத்தது, அப்பா, அது ஆளு இல்லப்பா, வாத்தியம், வீணை மாதிரி நரம்பு கட்டி மீட்டுறது, இப்ப கெடையாது, ஆயிரம் வருசமா யாரும் வாசிக்கல, அதுக்கு ஏன் யாழ்னு பேரு வந்துச்சுன்னுதான் நான் தேடுறேன், யாளித் தலை வச்சுச் செஞ்சதால வந்துச்சுன்னு சிலபேரு சொல்றாங்க, எனக்கு அது சரியாப் படல, என்று கடகடவென்று சொல்லிக்கொண்டே போகிறாள், முகத்தில் பயம் என்பதே இல்லை, பொய் சொல்கிறவளுக்குத்தான் இவ்வளவு பேச்சு வரும் என்று நான் நினைக்கிறேன், ஆயிரம் வருஷமாக இல்லாத ஒரு சாமானுக்கு ஒருத்தி பஸ் ஏறிப் போய் மூன்று நோட்டு எழுதுவாளா, எவன் நம்புவான், நீங்கள் நம்புவீர்களா, பொன்னுரங்கம் வாசலில் நின்றபடி, கேட்டீங்களா மாமா கதைய, என்றான். நான் நோட்டைத் தூக்கிக்கொண்டு கொல்லைக்குப் போனேன்.

நாலாம் நாள் அவளுடைய டீச்சர் ஸ்கூட்டரில் வந்தார், கமலவேணி என்று பெயர், வெயிலில் முகம் சிவந்து போய், நான் உள்ளே கூப்பிடவில்லை, படலைப் பிடித்துக்கொண்டே பேசினேன், ஐயா அதுக்கு நகல் இல்லைங்க ஐயா, கைப்பட எழுதினது மட்டும்தான், என்றார், எரிஞ்சது எரிஞ்சதுதாங்க என்றேன், பொண்ணையாவது அனுப்புங்க, மறுபடி எழுதிக்கலாம், ஆறு மாசம் போதும், என்றார், ஆறு மாசத்துல என்னென்னமோ ஆயிடுங்க, பந்தல் எதும் வேணும்னா சொல்லுங்க, வந்து போட்டுத் தர்றேன் என்றேன், என்ன திமிர், அந்த அம்மா, உங்களைப் பத்தித்தாங்க அவ எப்பவும் பேசுவா என்று சொல்லிவிட்டு வண்டியைத் திருப்பினார், இவளும் அதற்கு உடந்தை என்று நினைத்துக்கொண்டேன். அடுத்த முகூர்த்தத்தில் செல்லமுத்துவுக்குக் கட்டிக் கொடுத்தேன், பந்தல் என் கையாலேயே போட்டேன், நல்லவன்தான் அவன், குடி கிடையாது, அவனைக் குறை சொல்ல மாட்டேன், மறுவீட்டுக்கு வந்தபோது கோதை, சாப்பிட்டீங்களாப்பா என்று கேட்டாள், நான் காத்தாயியைத் திரும்பிப் பார்த்தேன், நீங்க என்றாள் என்னை, மரியாதை கற்றுக்கொண்டாள் என்று காத்தாயியிடம் சொன்னேன், காத்தாயி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அப்புறம் பன்னிரண்டு வருஷம் கழித்து திருச்சியில் ஒரு தமிழ் விழாவுக்குப் பந்தல், ஷாமியானா வந்துவிட்ட காலம், ஆனாலும் அவர்களுக்குக் கீற்றுப் பந்தல்தான் வேண்டுமாம், கூட்டம் தொடங்கிய பிறகும் ஒரு மூலை தொங்குகிறது, நான் ஏணியில் நிற்கிறேன், வாயில் ஆக்கையைக் கவ்விக்கொண்டு, பனைநாரைத் தண்ணீரில் ஊறப்போட்டு முறுக்கிய கட்டுநார், அதற்கு எங்கள் பக்கம் ஆக்கை என்று பேர், ஒரு கை மூங்கிலில் ஒரு கை கீற்றில் என்றால் அது பல்லில்தான் இருக்கும், கீழே மேஜை மேல் எதையோ துணியை விலக்கி எடுத்து வைக்கிறார்கள், வில் மாதிரி வளைந்த மரம், அடியில் தோணி மாதிரி ஒரு குடம், குடத்திலிருந்து கொம்புக்கு வரிசையாக நரம்பு, பழைய படங்களைப் பார்த்துப் புதிதாகச் செய்ததாம், ஒவ்வொரு நரம்பையும் கொம்பில் தோல் வாரைச் சுற்றிச் சுற்றிக் கட்டியிருக்கிறார்கள், ஆணி இல்லை, திருகு இல்லை, மொத்தமும் கட்டு, எவனோ கை தெரிந்தவன் கட்டியது என்று மேலிருந்தே எனக்குத் தெரிகிறது, மைக்கில் ஒரு குரல், தலை வெளுத்துப் போயிருந்தாலும் குரலை வைத்து ஆளைத் தெரிந்துகொண்டேன், கமலவேணி டீச்சர், இதுதான் யாழ் என்கிறார்.

ஏணியை ஒரு கையால் இறுக்கிக்கொண்டேன், அவர் பேசிக்கொண்டே போகிறார், பெயர்க் காரணம் பலவாறு சொல்வார்கள், முடிந்த முடிவு என்று எதுவும் இல்லை, யா என்றால் கட்டுதல், கட்டுப்பட்டது என்பதால்தான் உடம்புக்கு யாக்கை, நரம்பைக் கட்டியதால் இது யாழ் என்று ஒரு கருத்து, என்னிடம் ஒரு மாணவி இருந்தாள், யாக்கை இன்னும் சாகவில்லை டீச்சர், எங்க அப்பா கட்டுநாரை ஆக்கைன்னு சொல்வாரு, யானை ஆனை ஆன மாதிரி யாக்கைதான் ஆக்கை ஆயிருக்கு என்பாள், பழைய ஆள் யாராவது யா போட்டே சொன்னதாக ஒரு சாட்சி கிடைத்தால் போதும், அப்பாவிடம் கேட்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தாள், அந்த வேலை பாதியில் நின்றுவிட்டது. அவ்வளவுதான் சொன்னார், என் பெயரைச் சொல்லவில்லை, ஏன் நின்றது என்று சொல்லவில்லை, கூட்டத்தில் கைதட்டினார்கள், எனக்குப் பல்லில் ஆக்கை, எச்சில் ஊறி மோவாயில் வழிகிறது, துப்ப முடியவில்லை, காலமெல்லாம் வாயில் புழங்கின சொல், அதை எழுத்தில் நான் ஒரு தரம்தான் பார்த்தேன், அன்றைக்கு அந்த நோட்டில், பார்த்தும் இது என் சொல் என்று எனக்குத் தெரியவில்லை.

அதைவிடக் கொடுமை, சாட்சி என்னிடமே இருந்தது, என் அப்பன் கூரை மேல் உட்கார்ந்துகொண்டு, டேய் யாக்கைய எடுடா, என்றுதான் கத்துவான், யா போட்டுத்தான் சொல்வான், பல் போன வாய் குழறுகிறது என்று நானும் என் தம்பியும் கீழே நின்று, யாக்கை போக்கை என்று பழிப்புக் காட்டுவோம், கீற்று மட்டையை எங்கள் மேல் எறிவான், எறிகிறான், அது இப்போதும் காதோரம் விர்ரென்று போகிறது, கேட்டிருந்தால் ஒரு நொடியில் சொல்லியிருப்பேனே, ஒரு நொடி வேலை. விழா முடிந்து பிரிக்கும்போது மேஜைக்குக் கிட்டப் போய் நின்றேன், ஒரு நரம்பைத் தொடலாமா என்று கை போனது, எவனாவது அதட்டுவான் என்று எடுத்துக்கொண்டேன், டீச்சர் அதற்குள் போய்விட்டார், இருந்திருந்தாலும் நான் பேசியிருக்க மாட்டேன், வீட்டுக்கு வந்து காத்தாயியிடமும் சொல்லவில்லை, எப்படிச் சொல்வது, யாழ் என்கிற பையனைப் பார்த்தேன் என்றா.

அதற்கு அப்புறமும் பத்து வருஷத்துக்கு மேல் வாயைத் திறக்காமல்தான் இருந்தேன், பேரன் பேத்தி பெரிதாகிவிட்டார்கள், கோதை பனியன் கம்பெனியில் பீஸ் செக்கிங்குக்குப் போகிறாள், பேசினால் அவள் அம்மாவோடுதான் பேசுவாள், என்னிடம், மாத்திரை போட்டீங்களா, சரி வைக்கிறேன், காத்தாயியும் போய்ச் சேர்ந்தாள், காரியம் முடிந்து எல்லாரும் கிளம்பின பிற்பாடு வீட்டில் போனும் நானும்தான், ஞாயிற்றுக்கிழமை பகலில் நானே போட்டேன், நான் போட்டதே இல்லை, என்னப்பா, உடம்பு சரியில்லையா, என்று பதறினாள், அதெல்லாம் இல்லம்மா, ஒண்ணு சொல்லணும், உங்க தாத்தா யாக்கைன்னுதான் சொல்லுவாரு, ஆக்கைன்னு இல்ல, யாக்கை, யா போட்டு, என் காதால கேட்டிருக்கேன், சத்தியம், என்றேன். அந்தப் பக்கம் குக்கர் ஒரு விசில் அடித்தது, இன்னொன்றும் அடித்தது, யாருப்பா சொன்னா உங்களுக்கு இதெல்லாம், என்றாள், யாரு சொன்னா என்ன, நீ எழுதணும்னா எழுதிக்க, என்றேன், எதுலப்பா எழுத, என்றாள், கோபமாகக்கூட இல்லை, நிஜமாகவே கேட்கிற மாதிரி, எனக்குத் தாங்கவில்லை, தாங்காமல் போனால் என் வாய் திருப்பித் தாக்கத்தான் செய்யும், அன்னைக்கே கேட்டிருந்தா சொல்லியிருப்பேன்ல, நீதான் கேக்கவே இல்லையே, என்றேன், என்ன மனுஷன் நான்.

கேட்டேம்பா, என்றாள். அவ்வளவுதான், அடுப்புல வேலை இருக்குது, வைக்கிறேன்ப்பா, என்றாள், வைத்தும்விட்டாள், போன் என் கையில் சூடாக இருக்கிறது, எங்கே கேட்டாள், எப்போது கேட்டாள், பொய் சொல்கிறாள் என்று முதலில் வருகிறது, அப்படித்தான் எனக்கு எதுவும் முதலில் வரும், அப்புறம் கண்ணை மூடுகிறேன், ஓரத்திலிருந்து உள்ளே வருகிறது தீ, நடுவில் இருக்கிற எழுத்துதான் கடைசியாகக் கருகுகிறது, நான் குந்தி உட்கார்ந்திருக்கிறேன், கொல்லைக் கதவுக்கிட்ட கோதை நிற்கிறாள், வாய் அசைகிறது, ஆமாம் அசைகிறது, இத்தனை வருஷமாக நான் சத்தத்தை எடுத்துவிட்டு இதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன், எரிங்கப்பா, எரிச்சுக்கங்க, என்கிறாள், ங்க போட்டுப் பேசுகிறாள், மறுவீட்டில் இல்லை, இங்கேயேதான் தொடங்கியிருக்கிறாள், ஆனா ஒண்ணே ஒண்ணு கேக்கணும், அத மட்டும் சொல்லிருங்க, தாத்தா ஆக்கைய எப்படிச் சொல்லுவாரு, என்கிறாள், தெளிவாகத்தான் கேட்கிறாள், நான் தலையைத் தூக்கவில்லை, அடுத்த தாளைக் கிழிக்கிறேன்.