தர்கா சந்து ஜன்னல்

வர முடியாது என்று சொன்னால் காரணம் சொல்ல வேண்டும். அந்தக் காரணத்தைத்தான் சொல்ல முடியாது. அதனால் ரஹீமுன்னிசா டீச்சர் ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் வெயிலில் வண்ணாரப்பேட்டையிலிருந்து ரிக்‌ஷா பிடித்து ராயபுரம் ஸ்டேஷன் வாசலில் வந்து இறங்கினாள்.

வரச் சொன்னவர் மஜீது சாகிப். தோல் வியாபாரி; அவள் வேலை பார்க்கும் பெண்கள் பள்ளிக்கூடத்தின் கரஸ்பாண்டென்ட். "எழுத்தாளர் இருந்த தெருக்களைச் சுற்றிப் பார்க்கிற இலக்கிய நடைக்குத் தமிழ் டீச்சர் வராமல் வேறு யார் வருவது?" என்று மற்ற டீச்சர்கள் முன்னால் கேட்டுவிட்டார். தலைமை ஆசிரியை ஜூன் மாதம் ஓய்வு பெறுகிறார். அந்த நாற்காலியில் யாரை உட்கார வைப்பது என்று வரும் வெள்ளிக்கிழமை கமிட்டி கூடி முடிவு செய்யும். கமிட்டி என்றால் மஜீது சாகிப்தான். மற்றவர்கள் அவர் தலையசைக்கும் பக்கம் தலையசைப்பவர்கள்.

ஸ்டேஷன் தூண் நிழலில் இருபது பேர்போல நின்றிருந்தார்கள். கல்லூரி மாணவர்கள், ஹார்பர் குமாஸ்தாக்கள், மயிலாப்பூரிலிருந்து பஸ் மாறி வந்த இரண்டு வக்கீல்கள். பெண் என்று அவள் ஒருத்திதான். நடையை நடத்துபவன் லட்சுமணன். ஸ்டீமர் கம்பெனி ஒன்றில் வேலை, வீடு திருவொற்றியூரில், வாசகர் சங்கத்தின் செயலாளர். மாதம் ஒரு ஞாயிறு, ராயபுரத்து நாவலாசிரியர் நீலமேகம் வாழ்ந்த, எழுதிய, இறந்த இடங்களைக் காட்டுவான். எப்போதும் காலையில்தான். மஜீது சாகிபுக்குக் காலையில் ஏதோ நிக்காஹ் என்பதால் இந்த மாதம் மாலைக்கு மாற்றியிருந்தான்.

"இன்றைக்கு நமக்கு ஒரு பாக்கியம். குல்நாரின் சமூகத்திலிருந்தே ஓர் ஆசிரியை வந்திருக்கிறார்" என்று ஆரம்பித்தான்.

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். ரஹீமுன்னிசா துப்பட்டியை நெற்றிக்கு இழுத்துவிட்டுக்கொண்டாள்.

குல்நார் யாரென்று அங்கே யாருக்கும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. நீலமேகத்தின் 'செம்பட்டுச் சைகை' வாரப் பத்திரிகையில் தொடராக வந்து, புத்தகமாகி, அவர் செத்த பிறகு பாடப் புத்தகத்தில்கூட ஓர் அத்தியாயம் ஏறிவிட்டது. ராயபுரத்துச் சந்து ஒன்றில், அந்நிய ஆண் கண்ணில் படாத கோஷாப் பெண் குல்நார். சாயங்காலம் மாடி ஜன்னலில் சிவப்புத் துணியைத் தொங்கவிடுவாள். சந்து முனையில் விளக்குக் கம்பத்தடியில் காத்திருக்கும் ஹார்பர் மேஸ்திரி அதைப் பார்ப்பான். வா என்று அர்த்தம். நாவல் முழுக்க இந்தத் துணிதான்.

அந்தத் தொடர் வந்தபோது ரஹீமுன்னிசாவுக்குப் பதினாறு வயது. அந்த ஜன்னல் அவளுடையது. அந்தத் துணியும் அவள் கட்டியதுதான்.

ஆனால் அது யாரையும் வா என்று கூப்பிட்டதில்லை. தர்கா சந்தில் ஒரே ஒரு கார்ப்பரேஷன் குழாய். எப்போது வரும் என்று தெரியாது. சாயங்காலம் ஏதோ ஒரு பொழுதில் வரும், கொஞ்ச நேரத்தில் நின்றுவிடும். பெண்கள் முக்காடும் துப்பட்டியுமாகக் குடம் தூக்க முடியுமா? அதனால் சந்து வளைவில் இருக்கும் மாடி வீட்டுக்காரர்கள் குழாயைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். தண்ணீர் விழுந்ததும் ஜன்னலில் சிவப்புத் துணி. அது தொங்கும்வரை எந்த ஆணும் சந்துக்குள் காலெடுத்து வைக்கமாட்டான். வீட்டிலிருப்பவன் வெளியே வரமாட்டான். பெண்கள் வீட்டில் இருக்கிற மாதிரியே இறங்கி வந்து தண்ணீர் பிடிப்பார்கள், சண்டை போடுவார்கள், சிரிப்பார்கள். விளக்குக் கம்பத்தடியில் காத்திருந்த மேஸ்திரி அவளுடைய தாய்மாமன் கமால். ஷிஃப்ட் முடிந்து வந்தவர், துணி எப்போது இறங்கும், வீட்டுக்குப் போய் எப்போது டீ குடிக்கலாம் என்று நின்றிருந்தார்.

எதிரே மெயின் ரோட்டு மெஸ்ஸில் தங்கியிருந்த நீலமேகம் ஜன்னலையும் பார்த்தார், கம்பத்தையும் பார்த்தார். யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

பத்திரிகை சந்துக்குள்ளும் வந்தது. ஆறாவது வாரமோ ஏழாவது வாரமோ, அவளுக்குப் பேசியிருந்த தண்டையார்பேட்டை மாப்பிள்ளை வீட்டார் நிச்சயத் தட்டைத் திருப்பி அனுப்பினார்கள். காரணம் சொல்லவில்லை. வாப்பா சந்தைக் காலி செய்து வண்ணாரப்பேட்டைக்குக் குடிபோனார். பிறகு வந்த சம்பந்தங்களும் எங்கேயோ, யாரோ சொல்லித் திரும்பின. அவள் படித்தாள், டிரெயினிங் போனாள், டீச்சரானாள். இருபத்துமூன்று வருஷமாக இந்தச் சந்துப் பக்கம் வந்ததில்லை. பாடப் புத்தகத்தில் அந்த அத்தியாயம் வரும்போது மட்டும் வகுப்பில் பிள்ளைகளையே வாய்விட்டு வாசிக்கச் சொல்லிவிடுவாள்.

குல்நாரைப் பற்றி மஜீது சாகிபின் கருத்து அவளுக்குத் தெரியும். "கதை என்றால் அழகுதான். ஆனால் அப்படி ஒருத்தி நிஜமாக இருந்து, நம் பிள்ளைகளுக்கு முன்னால் வந்து நின்றால் ஒத்துக்கொள்வோமா?" என்று ஒரு ஆண்டு விழாவில் பேசியிருக்கிறார்.

நடை கிளம்பியது. நீலமேகம் முதல் கதையை அச்சுக்குக் கொடுத்த அச்சுக்கூடம். இப்போது அங்கே மீன் வலைக்கு நூல் விற்றார்கள். அவர் தங்கிய மெஸ். படியில் உட்கார்ந்திருந்த ஒருவர் கூட்டத்தைப் பார்த்து, "சாப்பாடு முடிஞ்சி போச்சிபா, ராத்திரிக்கு வாங்க" என்றார். காசிமேட்டுப் பக்கமிருந்து கருவாட்டு வாடையும், ரயில் யார்டிலிருந்து கரித்தூளும் சேர்ந்து காற்றில் வந்தன. வக்கீல்கள் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டார்கள். ஒவ்வொரு இடத்திலும் தலைவலி என்று சொல்லித் திரும்பிவிடலாமா என்று ரஹீமுன்னிசா யோசித்தாள். மஜீது சாகிப் பக்கத்திலேயே நடந்துவந்தார். "டீச்சர், நிழலில் வாங்க" என்று அக்கறையாகச் சொன்னார். முன்னால் லட்சுமணன், பின்னால் மாணவர்கள். விலகி நிற்க இடமில்லை.

சந்து முனைக்கு வந்ததும் லட்சுமணன் குரலைத் தாழ்த்தினான்.

"வழக்கமாக இங்கேயே நின்று காட்டிவிடுவேன். உள்ளே கோஷாக் குடும்பங்கள். இன்றைக்கு மஜீது சாகிப் கூட வந்திருக்கிறார், உள்ளே போகலாம்."

உள்ளே போனார்கள். கதவுகள் அரைக்கதவாகச் சாத்திக்கொண்டன. குழாயடி காய்ந்து கிடந்தது. அதன் முன்னால் வரிசைக்கு அடையாளமாக ஓட்டைக் குடங்களும் செங்கல்லும். வளைவில் மாடி வீடு. ஜன்னல் கட்டைக்கு அதே பச்சைச் சாயம், அதற்குமேல் இன்னொரு பச்சை.

"இதுதான்" என்றான் லட்சுமணன்.

கூட்டம் அண்ணாந்து பார்த்தது. ரஹீமுன்னிசா தரையைப் பார்த்தாள்.

"ஒரு ஆசை எனக்கு ரொம்ப நாளாக உண்டு" என்று லட்சுமணன் தொடர்ந்தான். "அந்தக் காட்சியை ஒரு தடவையாவது கண்ணால் பார்க்க வேண்டும். ஆண்கள் மாடிக்குப் போக முடியாது. டீச்சரம்மா ஒரு நிமிஷம் மேலே போய்..." தோள்பையிலிருந்து மடித்த சிவப்புத் துணி ஒன்றை எடுத்தான். தயாராக வந்திருக்கிறான்.

"நானா? எனக்கெதுக்கு இதெல்லாம்" என்றாள்.

"இதில் என்ன டீச்சர்? பாடம் நடத்துவது மாதிரிதானே" என்றார் மஜீது சாகிப். "நான் இருக்கிறேன். போய்வாங்க."

படி இருட்டாக இருந்தது. எந்தப் படியில் கல் பெயர்ந்திருக்கும் என்பது காலுக்குத் தெரிந்திருந்தது. மேலே ஒரு பெண் கையில் முறத்தோடு நின்றாள். பருத்த உடம்பு, வெற்றிலைச் சிவப்பு உதடு. துப்பட்டிக்குள் ஒரு பார்வை பார்த்தாள். முறத்தைக் கீழே வைத்தாள்.

"அயே, முன்னிதானே நீ?"

எதிர்வீட்டு ஷம்ஷாத். ஒன்றாகப் பாண்டி ஆடியவள்.

"மெதுவாப் பேசு, ஷம்ஷாத்."

"இன்னாத்துக்கு மெதுவா? ஒரு மாமாங்கம் கழிச்சி வந்துகினு, மெதுவாங்குற. நான் இந்த வூட்டுக்கு மாறி வந்து பத்து வர்சம் ஆவுது. நீ எங்க கீற, இன்னா பண்றன்னு ஒரு சேதி உண்டா?"

"டீச்சரா இருக்கேன். கீழே நிக்கிறாரே, பச்சைத் தொப்பி, அவர் ஸ்கூல்ல. அவருக்கு நான் யார்னு தெரியாது. தெரிஞ்சா என் வேலை போயிடும். என்னை முன்னின்னு கூப்பிடாதே."

ஷம்ஷாத் ஜன்னல் இடுக்கில் எட்டிப் பார்த்தாள். "மாசா மாசம் வந்து முனையில நின்னு இந்த ஜன்னலப் பாத்து வாயப் பொளந்துகினு நிப்பானுங்க. நான் கோணிய எடுத்து அடைச்சிடுவேன். உன்னியப் பாக்கத்தான் வரானுங்களா அந்தக் கம்னாட்டிங்க?"

"ஆமாம்."

"நீ இன்னா பண்ணே? தண்ணி வந்துச்சின்னு துணி கட்னே. நானுந்தான் தெனம் கட்றேன். என்னிய வச்சி எவனும் கதை எழுதலியே."

ரஹீமுன்னிசாவுக்குச் சிரிப்பு வந்தது. "இன்னும் கட்றீங்களா?"

"கட்டாம? தண்ணிக்கு இன்னா வழி?"

கீழேயிருந்து லட்சுமணன் குரல் வந்தது. "டீச்சரம்மா, எல்லாரும் தயார்."

"கட்டாத, முன்னி" என்று ஷம்ஷாத் கையைப் பிடித்தாள். "தண்ணி வர்ல. ஆனா வர்ற நேரம் இதான். தொங்கவுட்டா எல்லாம் கொடத்த தூக்கினு வந்துடும். கீழ ஆம்பளைங்க. பேஜாராயிடும்."

ரஹீமுன்னிசா கையிலிருந்த துணியைப் பார்த்தாள். இறங்கிப் போய், வீட்டுக்காரம்மா வேண்டாம் என்கிறாள் என்று சொல்லிவிடலாம். யாரும் தப்பாக நினைக்கமாட்டார்கள். ஆனால் அவள் வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லாமல், சந்தே வந்து அவளுக்காக அந்தத் துணியின் உண்மையைச் சொல்லும் என்றால்? இன்று விட்டால் அப்படி ஒரு நாள் எப்போது வரும்?

"வரட்டும்" என்றாள்.

கட்டைக்கு வெளியே கையை நீட்டி, கீழ்ப்புறத்தில் கண்ணுக்குத் தெரியாமல் இருந்த கொக்கியில் துணியின் முனையை மாட்டி, ஒரு முறுக்கு முறுக்கி விட்டாள். துணி விழுந்து விரிந்தது. கீழே யாரோ கைதட்டினார்கள்.

கைதட்டல் ஓயுமுன் கதவுகள் திறந்தன. முதலில் இடுப்பில் குடத்தோடு ஒரு கிழவி. பின்னாலேயே ஈரத்தலையை அவிழ்த்துவிட்டபடி ஒரு பெண், கையில் மாவோடு ஒருத்தி, தலையில் தவலையோடு இரண்டு பேர். சந்து நடுவில் வந்து நிமிர்ந்து பார்த்தார்கள். இருபது ஆண்கள்.

ஒரு குடம் விழுந்து உருண்டது. ஈரத்தலைக்காரி கதவுக்குள் ஓடினாள். கிழவி மட்டும் ஓடவில்லை.

"துணி தொங்குது, கண்ணு தெர்ல? பொம்பளைங்க தண்ணி புடிக்கிற நேரத்துல உங்களுக்கு இங்க இன்னா வேலை? எந்த ஊரு ஆளுங்கடா நீங்க? துணி கட்னா ஆம்பள வர்க்கூடாதுன்னு கொயந்தைக்குக்கூடத் தெரியும்."

சந்து முனையிலும் சத்தம் எழுந்தது. ஞாயிறு ஷிஃப்ட் முடிந்து திரும்பியவர்கள் நாலைந்து பேர், துணியைப் பார்த்து அங்கேயே நின்றுவிட்டார்கள். உள்ளே ஆண்களைப் பார்த்துக் கோபம், ஆனால் துணி தொங்கும்போது உள்ளே வர முடியாது. "யார்ரா அது உள்ள? வெளிய வாங்கடா" என்று எல்லைக்கு அந்தப் பக்கமிருந்தே கத்தினார்கள். விளக்குக் கம்பத்தில் சாய்ந்து, கையில் டீத் தூக்கோடு ஒருவன். கமால் மாமு நின்ற அதே இடம்.

ரஹீமுன்னிசா படியிறங்கி வந்து நின்றாள். சொல்லியாயிற்று, கிழவி ஒரே மூச்சில், எல்லார் காதிலும் விழ, சொல்லிவிட்டாள். துணி வா என்று சொல்லவில்லை, வராதே என்று சொல்கிறது. லட்சுமணன் முகம் வெளுத்திருந்தது. மாணவன் ஒருவன் மெதுவாக, "அப்போ நாவலில் வர்றது..." என்று ஆரம்பித்தான்.

லட்சுமணன் கிழவியைக் கும்பிட்டு மன்னிப்புக் கேட்டான். பிறகு ஜன்னலைப் பார்த்தான், கம்பத்தைப் பார்த்தான். முகத்தில் ரத்தம் திரும்பியது.

"பார்த்தீர்களா?" என்றான். "ஒரு நாவல் ஒரு தெருவை எப்படி மாற்றிவிட்டது என்று பார்த்தீர்களா? குல்நாருக்கு வந்த பெயர் இன்னொருத்திக்கு வரக்கூடாது என்று இந்த ஜனங்கள் அதே துணியை வேலியாக்கிக்கொண்டார்கள். படிக்காத ஜனங்கள். இது நீலமேகத்துக்கு எவ்வளவு பெரிய மரியாதை."

வக்கீல்களில் ஒருவர் 'ஆகா' என்றார். மாணவன் தலையாட்டினான். கிழவிக்கு அந்தத் தமிழ் புரியவில்லை. குடத்தைத் தூக்கிக்கொண்டு திட்டிக்கொண்டே உள்ளே போனாள்.

"இல்லை" என்றாள் ரஹீமுன்னிசா.

சன்னமாகத்தான் வந்தது. ஆனால் மஜீது சாகிப் கேட்டார். "என்ன டீச்சர்?"

இல்லை என்று சொல்லியாயிற்று. அடுத்த வார்த்தை, எப்படித் தெரியும் என்பதற்குப் பதிலாகத்தான் இருக்க வேண்டும். அவர் அவள் முகத்தையே பார்த்தார். பிறகு ஜன்னலை.

"அந்தக் கொக்கி மேலேயிருந்து தெரியவே தெரியாதே. நீங்க பார்க்காமலே மாட்டினீங்க."

மேலே ஜன்னலில் ஷம்ஷாத் முக்காட்டோடு தலை நீட்டினாள். "நான்தான் சொன்னேன் சாயபு, கீழாண்ட கொக்கி கீதுன்னு. டீச்சரம்மாவுக்கு இன்னா தெரியும் பாவம்."

மஜீது சாகிபின் முகம் தெளிந்தது. "என்ன டீச்சர் சொல்ல வந்தீங்க?"

"ஒண்ணுமில்லீங்க."

"பிரமாதமாகச் செய்தீங்க. எனக்கு உடம்பே சிலிர்த்துவிட்டது. சங்கத்துக்கு நான் வாக்குக் கொடுக்கிறேன், லட்சுமணன். இனி மாசா மாசம் நம்ம டீச்சர் வந்து இதைச் செய்வார். வெள்ளிக்கிழமைக்கு அப்புறம் ஹெட்மிஸ்ட்ரஸே வந்து செய்தார் என்று இருக்கட்டும்." அவள் பக்கம் திரும்பினார். "செய்வீங்க இல்லே?"

எல்லாரும் அவளைப் பார்த்தார்கள்.

"சரிங்க" என்றாள்.

சந்து முனையில் டீத் தூக்குக்காரன் பொறுமையிழந்து கத்தினான். "இன்னாபா, துணி எறங்குமா எறங்காதா? டீ ஆறிப்போவுது."

ஷம்ஷாத் கையை நீட்டிக் கொக்கியைக் கழற்றினாள். துணியைச் சுருட்டிக் கீழே போட்டாள். அது நேராக ரஹீமுன்னிசாவின் கைக்கு வந்தது.

"அடுத்த தபா தண்ணி வர்ற நேரமாப் பாத்து வாங்க, டீச்சரம்மா."

லட்சுமணன் சிரித்தான். அதையும் அடுத்த மாதப் பேச்சில் சேர்த்துக்கொள்ளலாம் என்று பக்கத்திலிருந்த வக்கீலிடம் சொன்னான்.