தடித்துக்கொண்டே போன கோடு

1

முதலில் இதைப் பக்கத்து வீட்டுக்காரர்களின் கதையாக எழுதினேன். நான்கு பக்கம் ஓடியது. கிழித்துவிட்டேன். நடந்தது எங்கள் தீவு ஊரான கராச்சர்மாவில், வீட்டுப் பின்பக்கத் தகரக் கொட்டகையில். மரம் அறுப்பவர் என் கணவர் சிவபிரகாஷ். அவருக்கு ஃபீனிக்ஸ் பே படகுத்துறையில் கப்பல் டிக்கெட் கவுண்டரில் வேலை. கோடு போடுகிறவள் வைஜெயந்தி. நான்தான்.

2

'மரத்தூள் மணக்கும் ஞாயிற்றுக்கிழமைகளில்...' (வேண்டாம். அழகு கூடிவிட்டது.)

பதினாறு வருட ஞாயிறுகள். மகள் நளினியின் படிக்கும் மேசை, செருப்பு ஸ்டாண்டு, ஒரு கால் குட்டையான முக்காலி எல்லாம் அங்கேதான் செய்தோம். நான் மூலைமட்டம் வைத்துப் பென்சிலால் கோடு இழுப்பேன். அவர் மின்ரம்பத்தை ஓட்டுவார். மழை பிடித்துக்கொண்டால் தகரச் சத்தத்தில் ஒன்றும் கேட்காது. சைகையில்தான் பேச்சு. சண்டைகூட சைகையில்தான், பாதியில் சிரித்துவிடுவோம். இப்போது நினைத்தால்

(இந்த வாக்கியத்தை முடிக்க முடியவில்லை. அப்படியே இருக்கட்டும்.)

3

போன வருடம் ரம்பம் கோட்டை விட்டு விலக ஆரம்பித்தது. முதலில் நூலளவு. பிறகு விரலளவு.

"பிளேடு மழுங்கிடுச்சு" என்றார். புதுசு மாட்டினோம். அதுவும் விலகியது.

நான் எதுவும் கேட்கவில்லை. பென்சிலைக் கூராகச் சீவுவதை நிறுத்தினேன். அப்புறம் தடிப் பென்சில். அப்புறம் கறுப்பு மார்க்கர்.

(ஏன் கேட்கவில்லை? கதையில் வேறொருத்தி இப்படி இருந்தால் நம்பியிருக்க மாட்டேன்.)

4

நளினிக்குத் தெற்கே கடைசித் தீவில், கேம்பல் பே பள்ளியில் வேலை கிடைத்தது. கப்பலில் அனுப்ப ஒரு புத்தக அலமாரி செய்தோம். கடைசிப் பலகையை நான் பிடித்திருந்தேன். ரம்பம் சட்டென்று என் கட்டைவிரல் பக்கம் திரும்பியது.

"பஸ்! பஸ் கரோ!" நிறுத்தச் சொல்லி இந்தியில் கத்தினேன்.

நின்றது. நகத்தோரம் கொஞ்சம் தோல் மட்டும் போயிருந்தது. அவர் பிளக்கைப் பிடுங்கிவிட்டு என் கையைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பார்த்தார். அவ்வளவு பக்கத்தில்.

"உனக்கு எப்பத்திலேருந்து தெரியும்?"

"பிளேடு மாத்தின அன்னிக்கே."

"கோடு தடியா வர வர, நீ கண்டுபிடிச்சிட்டேன்னு எனக்கும் தெரியும். சொன்னா நீ கொட்டகைய மூடிடுவேன்னு பயந்தேன்."

"நானும் அதுக்குத்தாங்க கேக்கல."

ரத்தம் வந்த என் விரலைப் பிடித்துக்கொண்டே வெகுநேரம் நின்றார்.

5

அவருக்கு நடுப்பார்வை மங்குகிறது என்றார் கண் டாக்டர். போனது திரும்பாது, இருப்பதை ஊசி போட்டுக் காப்பாற்றப் பார்க்கலாம்.

முடிவு ஒன்று: ரம்பத்தை விற்றுவிட்டோம். (இல்லை.)

முடிவு இரண்டு: நான் அறுக்கக் கற்றுக்கொண்டேன், பலகை நேராக வந்தது. (வரவில்லை.)

நடந்தது இது. அலமாரியின் அந்தக் கடைசிப் பலகையைக் கிளாம்ப் போட்டு இறுக்கிவிட்டு நான் ரம்பத்தை எடுத்தேன். அவர் இரண்டடி தள்ளி நின்றார். "அழுத்தாதே. மோட்டார் திணறுது பாரு. ஆராம்சே, மெதுவா, ஆராம்சே..." பலகை கோணலாகத்தான் வந்தது. அப்படியே அலமாரியில் பூட்டி அனுப்பினோம்.

நேற்றுச் சாயங்காலம் நளினி பேசினாள். ஸ்பீக்கரில் போட்டேன்.

"அப்பா, அடித்தட்டு கோணலா இருக்கே! இது உங்க கை இல்லையே. யாரு அறுத்தது?"

கண் விஷயம் அவளுக்குத் தெரியாது. தெரிந்தால் வேலையை விட்டுவிட்டு அடுத்த கப்பலிலேயே வந்து நிற்பாள். அப்படிப்பட்டவள்.

அவர் என் பக்கம் திரும்பினார். நேராகப் பார்த்தால் என் முகம் அவருக்குத் தெரியாது. அதனால் கொஞ்சம் தலையைச் சாய்த்து, ஓரக்கண்ணால் பார்த்தார்.

"ஹலோ? லைன்ல இருக்கீங்களா?"

இதற்குமேல் நான் எழுதப்போவதில்லை. நீங்கள்தான் அந்த அறையில் இருக்கிறீர்கள். அவளுக்குப் பதில் சொல்லுங்கள்.