ஃபெர்மினை உருட்டிவிட்ட சனிக்கிழமை

செத்துப்போன புருஷனை வீட்டை விட்டுத் துரத்த நெரெய்டாவுக்கு ஒரு பகல்தான் இருந்தது. சாயங்காலம் எலாடியோ பெட்டியோடு வருகிறான். வந்தால் இனி இங்கேயே இருப்பான். ஆனால் ஃபெர்மின் உள்ளே இருக்கிறவரை வாசற்படியை மிதிக்க மாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டுப் போயிருந்தான்.

அவனைக் குறை சொல்லவும் முடியாது. போன வாரம் வந்தவன் ஒரு ராத்திரி தங்கினான். சாந்தியாகோவில் பாதி ஊருக்குக் கரண்ட் இல்லை. ஃபெர்மினின் பழைய ரேடியோவுக்குள் பேட்டரி என்பதே கிடையாது. அது தானாகவே பேஸ்பால் ஆட்டத்தை வர்ணிக்க ஆரம்பித்தது, அதுவும் நம் ஊர் அணி தோற்கிற ஆட்டம். கூடவே படுக்கையறை முழுக்கச் சுருட்டு வாடை. எலாடியோ சர்க்கரை ஆலையில் வெல்டர், நெருப்புக்கே பயப்படாதவன். அன்றைக்கு ஒரு கையில் சட்டையும் மறு கையில் செருப்புமாகத் தெருவில் நின்றான்.

"உயிரோட இருக்கற ஆம்பளைன்னா நேருக்கு நேர் பேசித் தீத்துக்கலாம்," என்றான். "இவன்கிட்ட நான் என்னன்னு பேசறது? சனிக்கிழமை வர்றேன் நெரெய்டா. அதுக்குள்ள அவனை அனுப்பிடு. இல்லன்னா என்னை விட்டுடு."

விடுவதா? நெரெய்டாவுக்கு அவன்மேல் கொள்ளை ஆசை. பள்ளிக்கூடச் சமையலறையில் அவள் பயறு போட்ட காங்ரி சோறு கிளறும்போதுகூட அவனை நினைத்துச் சிரித்துக்கொள்வதைக் கூட வேலை செய்கிறவர்கள் பார்த்துக் கேலி பண்ணினார்கள். சனிக்கிழமை காலையில் தலைமுடியை நாலு விதமாகக் கட்டிப் பார்த்து, நாலையும் அவிழ்த்துவிட்டு, கடைசியில் ஒரு துணியைச் சுற்றிக்கொண்டு பசீலியாவுக்காகக் காத்திருந்தாள்.

அந்தத் தெருவில் ஆவி விவகாரம் எல்லாம் பசீலியாவின் பொறுப்பு. ஒரு கட்டுத் துளசியும் அருவதாத் தழையும், முட்டையோட்டுப் பொடி, சுருட்டு, ஒரு போத்தல் ரம், நன்றாக முற்றிய ஒரு தேங்காய், இவ்வளவையும் சுமந்துகொண்டு மூச்சு வாங்க வந்து சேர்ந்தாள். வந்ததும் ரம்மை வாய் நிறைய உறிஞ்சிச் சுவர் மூலைகளில் புர்ரென்று ஊதினாள். மூலைக்குப் போனது பாதி, தொண்டைக்குப் போனது பாதி.

"அக்கா, ஆவிக்கு ஊத்தறியா, உனக்கு ஊத்திக்கறியா?" என்றாள் நெரெய்டா.

"ரெண்டு பேரும் ஒரே மாதிரி இருந்தாத்தான்டி பேச்சு நடக்கும். வாயை மூடிக்கிட்டுத் தரையைக் கழுவு."

கழுவினாள். தழைகளைக் கசக்கிப் போட்ட தண்ணீரில் கொல்லைப்புறத்திலிருந்து வாசல்வரை தேய்த்துத் தள்ளினாள். வீடே மணத்தது. பசீலியா தேங்காய்மேல் முட்டையோட்டுப் பொடியை வெள்ளை வெளேரென்று அப்பி, கொல்லைக் கதவருகே வைத்தாள். வாசலில் கோணியை விரித்துப் பிடிக்க எதிர் வீட்டுக் குகோவை அழைத்திருந்தார்கள். டொமினோ ஆட்டப் பலகையிலிருந்து தன்னை இழுத்துக்கொண்டு வந்த கோபம் அவனுக்கு.

"கேட்டுக்கோ," என்றாள் பசீலியா. "காலால உருட்டணும், கை படவே கூடாது. ஒவ்வொரு அறையிலயும் நீ உன் வாயால அவனைப் போகச் சொல்லணும். வீட்டுல இருக்கறது எல்லாம் தேங்காய்ல ஏறிக்கும். கோணில விழுந்ததும் நான் கொண்டுபோய் நாலு தெரு கூடற இடத்துல உடைச்சிடுவேன். யார் கை படுதோ அவங்க மேல அவன் தொத்திக்குவான், தெரியும்ல?"

தெரியாமல் என்ன? இந்த ஊரில் நடக்கப் பழகிய பிள்ளைக்கே தெரியும்.

சமையலறையில் தேங்காய் சமர்த்தாக உருண்டது. "போயிடு ஃபெர்மின், போயிடு," என்று சொல்லிக்கொண்டே நெரெய்டா பாதத்தால் தள்ளினாள். சாப்பாட்டு மேசைக்கு அடியில் ஒரு சுற்றுச் சுற்றி வெளியே வந்தது. அவளுக்கு உற்சாகம் பொத்துக்கொண்டு வந்தது. இவ்வளவு சுலபமா? இதை முன்பே செய்திருக்கலாமே.

படுக்கையறை வாசலில் நின்றுவிட்டது. தள்ளினாள், உருண்டு திரும்பி வந்தது. மறுபடி தள்ளினாள், மறுபடி வந்தது.

"நீ சொல்ற லட்சணம் அப்படி," என்றாள் பசீலியா, புகைக்குப் பின்னாலிருந்து.

"சொன்னேனேக்கா."

"உதட்டால சொன்னே. அவன் என்ன செவிடா? உன் கூட அத்தனை வருஷம் குடும்பம் நடத்தினவன். நீ எப்பப் பொய் சொல்றேன்னு அவனுக்குத் தெரியாதா?"

நெரெய்டாவுக்குச் சுருக்கென்றது. உண்மைதான். அவன் போக வேண்டும், போகவும் கூடாது. சுருட்டு வாடை வரும் இரவுகளில் அவள் பயந்ததே இல்லை, வாடை வரும் பக்கமாகவே திரும்பிப் படுத்துக்கொள்வாள். அதை யாரிடமும் சொன்னதில்லை. எலாடியோவிடம் எப்படிச் சொல்வது?

அவள் தேங்காயைப் பார்த்தாள். மனசுக்குள் கிடந்ததெல்லாம் ஒரே மூச்சில் வெளியே வந்தது.

"மனுஷா, மேட்ச் பாத்துட்டு வந்துடறேன்னு சொல்லிட்டுப் போனவன்தானே நீ? அங்கேயே நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்துட்டே. என்கிட்ட ஒரு வார்த்தை சொன்னியா? உன் சட்டையை அப்புறமும் நான் இஸ்திரி போட்டு வெச்சேன், பைத்தியக்காரி மாதிரி. நீ எனக்கு நல்லவன். உன்னை எனக்குப் பிடிக்கும். ஆனா ரேடியோ பேசினா போதுமா? என் கூடப் பேச ஒரு ஆள் வேணும். போ. இந்தத் தடவை நெஜமாத்தான் சொல்றேன். போயிடு."

சொல்லிவிட்டு ஓங்கி ஒரு உதை விட்டாள்.

தேங்காய் படுக்கையறைக்குள் பாய்ந்து, கட்டில் காலில் மோதித் திரும்பி, கூடத்தை ஒரே ஓட்டமாகக் கடந்து வாசலுக்குப் பறந்தது. கோணியோடு நின்ற குகோ அது வருகிற வேகத்தைப் பார்த்தான். கோணியைப் போட்டுவிட்டு ஒதுங்கினான்.

தெருவோ துறைமுகம்வரை ஒரே சரிவு. தேங்காய் வெள்ளைப் பொடியை உதிர்த்துக்கொண்டு இறங்கியது. தாய்மார்கள் குழந்தைகளை வாரி எடுத்துக்கொண்டார்கள். கதவுகள் படார் படாரென்று சாத்திக்கொண்டன. டொமினோ பலகைக்கு அடியில் அது புகுந்தபோது நாலு கிழவர்களும் எட்டுக் கால்களையும் தூக்கிக்கொண்டார்கள். பின்னால் நெரெய்டா ஓடினாள், அவள் பின்னால் குகோ, அவன் பின்னால் சுருட்டோடு பசீலியா. ஒரு நாய்க்கு எல்லாரையும்விடச் சந்தோஷம்.

"யாரும் தொடாதீங்க," என்று கத்திக்கொண்டே வந்தாள் பசீலியா. "ஃபெர்மின் வர்றான், வழிவிடுங்க."

கீழே தெரு முனையில் ஒருவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறி வந்துகொண்டிருந்தான். எலாடியோ. சாயங்காலம்வரை பொறுக்காமல் முன்கூட்டியே கிளம்பிவிட்டிருந்தான். புதுச் சட்டை, படிய வாரிய தலை. அவனுக்கும் ஆசை இருந்திருக்கிறது, பாவம்.

எலாடியோ ஆலை அணியில் பல வருஷம் பேஸ்பால் ஆடியவன். தரையோடு ஒரு உருண்டை வேகமாக வந்தால் இந்த நாட்டு ஆண்பிள்ளையின் கை யோசனை கேட்டுக்கொண்டு இறங்குவதில்லை. பெட்டி இடது கையில் இருக்க, குனிந்து, வலது கையால் லாகவமாக அள்ளிவிட்டான். நல்ல பிடி. டொமினோக் கிழவர்களில் ஒருவர் தன்னை மறந்து கைகூடத் தட்டினார்.

அப்புறம்தான் அவன் தன் உள்ளங்கையில் ஒட்டியிருந்த வெள்ளையைப் பார்த்தான். மேலே மூச்சிரைக்க நின்ற மூன்று பேரைப் பார்த்தான். அவன் முகமும் தேங்காய் நிறத்துக்கு வந்தது.

"இது அவனா?" என்றான்.

பசீலியா தலையாட்டினாள்.

"கீழே போட்டுடாதே. போட்டா அங்கேயே உன் மேல ஏறிடுவான். நாலு தெரு கூடற முக்குக்குப் போ, முதுகுக்குப் பின்னால எறிஞ்சு உடை. திரும்பிப் பாக்காதே. வந்த வழியா வராதே. வேற வழியா சுத்தி வீட்டுக்கு வா."

எலாடியோ தேங்காயைப் பார்த்தான். எவன் உள்ளே இருந்தால் வாசற்படி மிதிக்க மாட்டேன் என்றானோ, அந்த ஆளே இப்போது அவன் கையில். போட்டுவிட்டு ஓடினால் அவனை யார் என்ன சொல்ல முடியும்?

அவன் ஓடவில்லை. முக்குவரை நடந்து, எல்லாருக்கும் முதுகைக் காட்டி நின்றான்.

"நெரெய்டா," என்று கேட்டான், திரும்பாமலே. "உடைக்கட்டுமா?"

கேட்டானே. அவள் புருஷனை அவளைக் கேட்காமல் அனுப்ப அவனுக்கு மனசு வரவில்லை.

"உடை," என்றாள் நெரெய்டா.

தோளுக்கு மேலாக எறிந்தான். தேங்காய் கல்லில் பட்டுச் சிதறியது. எலாடியோ பெட்டியோடு நேரே நடந்து, சரிவில் இறங்கி, கண்ணிலிருந்து மறைந்தான்.

தெரு மூச்சு விட்டது. பிறகு பேச ஆரம்பித்தது.

"அந்தப் பக்கந்தான் பாமா ஊருக்குப் போற லாரி நிக்கும்," என்றான் குகோ. "பெட்டியை வேற கையோட எடுத்துக்கிட்டுப் போறான். எனக்கென்னவோ சரியாப் படல."

"கோணியைப் போட்டுட்டு ஓடினவன் பேசாதே," என்றாள் பசீலியா. ஆனால் அவளும் கீழேயே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நெரெய்டா வீட்டுக்குள் வந்தாள். வீடு பளிச்சென்று இருந்தது. சுருட்டு வாடை இல்லை, எதுவும் இல்லை. இவ்வளவு காலியாக அந்த வீட்டை அவள் பார்த்ததே கிடையாது. இருந்தவனையும் அனுப்பியாயிற்று, வரவேண்டியவனும் போய்விட்டான் போலிருக்கிறது. ஈரத் தரையில் அப்படியே உட்கார்ந்து, சாவு வீட்டில்கூட அழாத அழுகையை ஃபெர்மினுக்காக அழுதாள். அழுகை ஓயாமல் வந்தது.

கொல்லையில் ஏதோ தொப்பென்று விழுந்தது. ஓடிப்போய்ப் பார்த்தாள். கீரைப் பாத்தியில் ஒரு பெட்டி கிடந்தது. மதில்மேல் எலாடியோ, கால்சட்டை முட்டியில் கிழிந்து, வியர்த்து வழிந்தபடி.

"வேற வழின்னா துறைமுகம் சுத்தி, படியெல்லாம் ஏறி, மூணு வீட்டு மதிலு," என்றான். "ஒரு வீட்டுல பன்னி துரத்துச்சு." குதித்து இறங்கி நொண்டிக்கொண்டு வந்தவன் அவள் முகத்தைப் பார்த்து நின்றான். "அழுதியா?"

பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் யோசித்தாள். இன்றைக்கு அது முடிகிற காரியமாக இல்லை.

"அழுதேன்."

"அவனுக்காகவா?"

"அவனுக்காகத்தான்."

எலாடியோ கையில் ஒட்டிய வெள்ளையைக் கால்சட்டையில் துடைத்தான். பிறகு குனிந்து பெட்டியை எடுத்தான்.

"நல்லது," என்றான். "நாளைக்கு நான் போனாலும் எனக்காக அழ ஒரு ஆள் இருக்கு." சொல்லிவிட்டு உள்ளே நுழைந்தான்.