வெட்டிய ஏழு நிமிடங்கள்

பதினெட்டு வருடங்களாக அவள் சுற்றுவட்டாரத்து மனிதர்களைத்தான் ஆவணப்படமாக எடுத்துவந்தாள். சந்தையில் மூட்டை தூக்குகிறவர்கள், பேருந்துப் பணிமனைக்காரர்கள் என்று ஒவ்வொரு கூட்டமாக. "உன் படத்துக்கு டிக்கெட் எடுக்கிற ஒரே ஆள் நான்தான்" என்று கணவன் கிண்டலடிப்பான். மைக்கைத் தூக்கிக்கொண்டு கூடவே அலைவதும் அவன்தான்.

இம்முறை பெரிய ஆஸ்பத்திரியின் சலவைக் கூடம். இரண்டு வருடம் அந்த நீராவிக்குள் நின்று எடுத்தாள். படத்தின் உயிர் என்று அவள் நினைத்தது ஏழு நிமிடக் காட்சி ஒன்றை. எல்லோரும் 'மெஷின் அக்கா' என்று கூப்பிடும் மூத்த தொழிலாளி, இறந்துபோன மகளைப் பற்றிப் பேசிக் குமுறி அழும் காட்சி. அதைப் பார்த்துத்தான் ஒரு வெளிநாட்டுப் படவிழா படத்தைத் தேர்ந்தெடுத்திருந்தது.

இறுதிப் பிரதியை அனுப்புவதற்கு முன், படத்தில் இருப்பவர்களுக்குப் போட்டுக் காட்டினாள். மதிய இடைவேளை. சுவரில் கட்டிய படுக்கைவிரிப்புதான் திரை. தங்கள் முகங்களைக் கண்டு பெண்கள் ஒருவரையொருவர் இடித்துச் சிரித்தார்கள். அழும் காட்சி வந்ததும் சத்தம் அடங்கியது. மெஷின் அக்கா எழுந்து வெளியே போய்விட்டாள்.

இவள் பின்னாலேயே ஓடினாள்.

"அன்னிக்கு நான் உன்கிட்ட சொன்னேன் தங்கச்சி. ஊருக்குச் சொல்லல" என்றாள் அக்கா. "சத்தத்தைக் கேட்டே மெஷின்ல எங்க கோளாறுன்னு சொல்லிடுவேன். அதை எடுத்தியா நீ?"

எடுக்கவில்லை. இவளுக்கு முகம் சுண்டிப்போனது.

அந்த வாரமே காட்சியை வெட்டினாள். அது இல்லையென்றால் படம் வேண்டாம் என்று விழாக்காரர்கள் எழுதிவிட்டார்கள். இரண்டு நாள் அவளுக்குச் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் கேமராவோடு சலவைக் கூடத்தில் போய் நின்றாள். அக்கா ஓடும் இயந்திரத்தின் பக்கம் தலையைச் சாய்த்தாள், "பேரிங் போச்சு" என்றாள், நிறுத்திவிட்டுக் கழற்றத் தொடங்கினாள்.

படம் முதலில் ஆஸ்பத்திரி அரங்கிலேயே ஓடியது. தினமும் மாட்டிக்கொள்ளும் வெள்ளை அங்கி யார் கைபட்டு வருகிறது என்பதை டாக்டர்கள் அன்றுதான் பார்த்தார்கள். முடிந்ததும் பராமரிப்பு அதிகாரி அக்காவிடம் வந்து, புதிதாக வரும் இயந்திரங்களுக்குப் பொறுப்பாளராக இருக்க முடியுமா என்று கேட்டார்.

"யோசிச்சு சொல்றேன்" என்றாள் அக்கா.

வாசலில் ஆம்புலன்ஸ் டிரைவர் ஒருவர் இவளுக்காகக் காத்திருந்தார். "எங்களையும் எடுங்கம்மா. ஆனா முதல்ல எங்களுக்குப் போட்டுக் காட்டணும்."

இத்தனை வருடத்தில் ஒருவர் தானாக வந்து கூப்பிட்டது அதுவே முதல் முறை. எப்போது வரலாம் என்று கேட்டாள்.