ஆறடி மூன்றங்குலம்

விடிந்ததிலிருந்து ரேனான்டே ஐம்பது கிலோ அரிசி மூட்டையைத் தோளில் வைத்துக்கொண்டு சான் ரொக்கே சந்தையைச் சுற்றிச் சுற்றி நடந்துகொண்டிருந்தான். பாரம் ஏறினால் முதுகெலும்பு அமுங்கி உயரம் கால் அங்குலமாவது குறையும் என்பது கூடைப்பந்துக்காரர்களின் நம்பிக்கை. தலையை முந்தின நாளே மழித்தாயிற்று.

"என்னய்யா, பந்தை விட்டுட்டு மூட்டைக்கு வந்துட்டியா?" என்றாள் ஒரு மீன்காரி. அவன் தலையைக் குனிந்துகொண்டு நடந்தான்.

திருவிழா லீக்கில் வெளியூர் ஆட்டக்காரன் ஆறடி மூன்றங்குலத்தைத் தாண்டக் கூடாது. ரேனான்டே ஆறடி நான்கு. மணிலாவில் பதினோரு வருஷத்தில் எட்டு அணிகளுக்குச் சம்பளத்துக்கு ஆடியவன். எல்லாவற்றிலும் பெஞ்சின் கடைசி இடம்தான். முதன்முதலில் சேர்ந்தபோது ஷூவுக்குள் செய்தித்தாளை மடித்துவைத்து ஆறடி ஆறு என்று எழுத வைத்தான். ஏறும்போதும் பொய், இப்போது முப்பத்தேழு வயதில் இறங்கும்போதும் பொய்.

கடைசி அணி கழற்றிவிட்டு ஏழு மாதமாகிறது. மனைவி மாரிசெல் ஊரார் துணிக்கு இஸ்திரி போட்டு வீட்டை ஓட்டினாள். இந்த லீக்கும் கைவிட்டால் அவள் ஹாங்காங்குக்கு வீட்டுவேலைக்குப் போவதென்று முடிவாகி, பாஸ்போர்ட் ஏஜென்ட் கைக்குப் போய்விட்டது. கடைக்குட்டிக்கு இன்னும் மூன்று வயது முடியவில்லை.

மைதானத்தில் இரண்டு கம்பங்களுக்குக் குறுக்கே, சரியாக ஆறடி மூன்றங்குல உயரத்தில், மரச்சட்டம் அடித்திருந்தார்கள். வெறுங்காலோடு அடியில் நிற்கும்போது தலை இடித்தால் வீட்டுக்குப் போகவேண்டியதுதான். ஓய்வுபெற்ற விளையாட்டு ஆசிரியை லூர்தஸ் அளவு பார்க்கப் பக்கத்தில் நின்றாள். ரேனான்டே தொளதொளத்த நீளக் கால்சட்டைக்குள் முட்டியை லேசாக மடக்கிச் சட்டத்தின் அடியில் நின்றான். தொடை நடுங்கியது. ஆசிரியையின் பார்வை அவன் முட்டிக்கு இறங்கி, அங்கேயே கொஞ்சம் நின்றது.

"சேரலாம்" என்றாள், அவன் முகத்தைப் பார்க்காமல்.

அவனுக்குக் காது சுட்டது. பெஞ்சில் போய் உட்கார்ந்தான்.

அடுத்து எதிரணிக்காக வந்தவன் எர்னானி. மணிலாவில் மூன்று வருஷம் இவனோடு ஒரே அறையில் இருந்தவன். ரேனான்டேயை ஓர் அணி துரத்தியபோது, மாரிசெல்லையும் கைக்குழந்தையையும் சேர்த்து நான்கு மாதம் தன் வீட்டில் வைத்துச் சோறு போட்டவன். அறைச் சுவரில் இருவர் தலைக்கும் சேர்த்து ஒரே பென்சில் கோடுதான் இருந்தது. அவனும் தொளதொளத்த கால்சட்டைதான் போட்டிருந்தான். அவன் தலையும் சட்டத்தில் இடிக்கவில்லை.

ரேனான்டேயை அழைத்து வந்த மேனேஜர் டோலென்டினோ அவன் காதருகே குனிந்தார்.

"அவன் நிஜ உயரம் உனக்குத் தெரியும். எழுந்து சொல்லு."

"பாஸ், அவன் என்..."

"அவனை ஆட்டத்துல தடுக்க உன்னால முடியுமா? முடியாதில்ல. சொல்றியா, நான் வேற ஆளைப் பாக்கட்டுமா?"

ரேனான்டே எழவில்லை. எழுந்தால் தன் உயரம் தெரிந்துவிடும். உட்கார்ந்தபடியே சொன்னான்.

"டீச்சர், அவன் முட்டியை மடக்கியிருக்கான். அவன் ஆறடி நாலு."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டாள் லூர்தஸ்.

"ஒரே ரூம்ல இருந்தோம்."

எர்னானி அவனைப் பார்த்தான். சுவரிலிருந்த கோட்டைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னால் போதும், இருவருக்கும் வேலை போய்விடும். ரேனான்டே அதற்காகக் காத்திருந்தான். சொல்லித் தொலைக்கமாட்டானா என்றுகூட இருந்தது.

"மாரிசெல் நல்லாயிருக்காளா?" என்றான் எர்னானி.

ரேனான்டே குனிந்து ஷூ நாடாவை இழுத்து முடிந்தான்.

எர்னானி மெல்ல முட்டியை நிமிர்த்தினான். உச்சந்தலை சட்டத்தில் 'டொக்'கென்று இடித்தது. விலகி வந்து ஷூவை மாட்டிக்கொண்டு, பையைத் தோளில் போட்டு, கூட்டத்தில் எல்லாருக்கும் மேலே தலை தெரிய பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தான்.

கொஞ்ச நேரத்தில் போட்டோக்காரன் தேர்வானவர்களைச் சட்டத்தின் முன்னால் வரிசையாக நிற்கச் சொன்னான். கடைசியாக எழுந்து வந்த ரேனான்டேயைப் பார்த்து, "நல்லா நிமிர்ந்து நில்லுண்ணே" என்றான்.

ரேனான்டே முட்டியை இன்னும் கொஞ்சம் மடக்கிக்கொண்டு நின்றான்.