தேவநாயகத்தின் நனையாத வீடு

2009இல், இலங்கையில் யுத்தம் முடிந்த கிழமை, டென்மார்க்கின் ஓல்போர்க் நகரில் ஒன்பது நாள் விடாமல் மழை பெய்தது. பூங்காவில் தேவநாயகத்தின் பெஞ்சைச் சுற்றி மட்டும், பன்னிரண்டடிக்கு ஒன்பதடி, ஒரு துளியும் விழவில்லை. வன்னியில் அகப்பட்ட தங்கை மேரிசெலினைத் தேடி மாசி முழுக்கத் தொலைபேசியும் கையுமாகக் கிடந்ததில் மனிதருக்கு மீன் தொழிற்சாலை வேலை போனது, பிறகு வீடும் போனது. பூங்காவுக்குக் குடிவந்த அன்றே இடத்தைக் கூட்டினார். தமிழ்த் திருச்சபையிலிருந்து சோறு கொண்டுவந்த இன்பமலர், நனையாத இடத்தின் விளிம்பில் யோசிக்காமலே செருப்பைக் கழற்றினாள். அதற்குப் பிறகு ஒருவரும் சப்பாத்தோடு உள்ளே போகவில்லை. பதினொரு வருடமாகப் பக்கத்து மரத்தடியில் வாழ்ந்த பிரெபன் என்ற டெனிஷ்காரன்கூட, நாயின் நாலு காலையும் துடைத்து, வரலாமா என்று கேட்டுத்தான் வந்தான். வடக்குப் பக்கம் அவனுக்கு ஒதுக்கப்பட்டது.

தேவநாயகத்துக்கு ஒரே கவலைதான். தங்கை உயிரோடு இருந்தாலும் அவள் கடிதம் எங்கே வந்து சேரும்? செஞ்சிலுவைச் சங்கத்தின் தேடல் படிவத்தில் விலாசக் கட்டம் வெறுமையாகக் கிடந்தது. தன் வீட்டு விலாசத்தை எழுதச் சொன்னாள் இன்பமலர்.

"வேண்டாம் பிள்ளை. அண்ணன் ஆரின்ரையோ வீட்டிலை ஒட்டிக்கொண்டிருக்கிறான் எண்டு அவள் நினைக்கக்கூடாது."

ரோசத்துக்குக் குறைவில்லை. நகரசபை அதிகாரி அளவுநாடாவோடு வந்தார், குடையை மடக்கினார், சப்பாத்தைக் கழற்றினார், உள்ளே நின்று வானத்தைப் பார்த்தார், 14பி என்று வீட்டு இலக்கம் கொடுத்தார். பிரெபன் எங்கிருந்தோ தபால்பெட்டி கொண்டுவந்து இருவர் பெயரையும் எழுதினான்.

ஆவணியில் அகதி முகாமிலிருந்து தங்கையின் கடிதம் வந்தது. "அண்ணை, நானும் சின்னவளும்தான் மிச்சம். கூடாரம் ஒழுகுது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு விடியுமட்டும் நிக்கிறன். உங்கடை வீடு ஒழுகாதுதானே?"

தேவநாயகம் வாய்விட்டு அழுதார். பிறகு, அவனுக்கும் பங்கு உண்டென்பதால், பிரெபனிடம் ஒரு வார்த்தை கேட்டார். அவன் நாயைப் பார்த்தான், தலையாட்டினான். தேவநாயகம் இடத்தைச் சுத்தமாகக் கூட்டி, நாலு மூலையையும் தொட்டு, "போய் அவளோடை இரு" என்றார். அன்று பின்னேரம் பெஞ்சிலும் மழை பெய்தது. பிரெபன் குடையை விரித்து இருவருக்கும் நடுவில் பிடித்தான்.

அடுத்த கடிதத்தில், முகாம் முழுக்க வெள்ளம், தன் கூடாரத்தில் மட்டும் பன்னிரண்டடிக்கு ஒன்பதடி காய்ந்து கிடக்கிறது, அயல் பிள்ளைகள் எல்லாம் செருப்பை வெளியே விட்டுவிட்டு அங்கேதான் படுக்கிறார்கள் என்று எழுதியிருந்தாள் மேரிசெலின். அதைக் கொண்டுவந்த தபால்காரர், கொட்டும் மழையில் 14பியின் விளிம்பில் நின்று, வழக்கம்போலச் சப்பாத்தைக் கழற்றிவிட்டு, காலுறையோடு சேற்றில் நடந்துவந்து கையில் கொடுத்தார்.